சேதமில்லை

திருவொற்றியூர்
2 ஜூன் 2025

ஷரீஃபா,

ஒருவர் நம்மைப் பார்த்துக்கொண்டிருக்கிறார் என்பது, அவரை நாம் பார்ப்பதற்கு முன்பே நமக்கு எப்படித் தெரிகிறது? மூன்று வாரமாக இந்தக் கேள்வியோடு இருக்கிறேன். முதுகுக்குக் கண் உண்டு என்று நம்புகிறவள் அல்ல நான். 

ஆறு வருடம் கழித்து எழுதும் முதல் கடிதத்தை இப்படித் தொடங்குவது முறையல்ல. நலம் விசாரிக்கும் உரிமை எனக்கு இல்லை என்பதால் நேராக விஷயத்துக்கு வருகிறேன். என் போனை நான் இப்போது நம்புவதில்லை. தயவுசெய்து நீயும் கூப்பிடாதே.

வக்கீல் தேவப்பிரியம் உன்னிடம் சொல்லியிருப்பார். கம்பெனி மேல் ரஹீம் பாய் போட்ட வழக்கில் சாட்சி சொல்வதாக ஏப்ரலில் அவருக்கு எழுதிக் கொடுத்தேன். கோர்ட்டு சம்மன் அனுப்பினால் வருகிறேன் என்றேன். இந்த மாதம் 23ஆம் தேதிதான் கடைசி வாய்ப்பு. அன்றைக்குச் சாட்சி வராவிட்டால் விசாரணையை முடித்துவிடுவதாக நீதிபதி சொல்லிவிட்டாராம். சம்மன் இன்னும் வரவில்லை. அதற்குள் வேறு ஆட்கள் வந்துவிட்டார்கள்.

எதிர்வீட்டு மொட்டை மாடியில் ஒரு கிழவர். மே மாதத்துக்கு முன் அவரை நான் பார்த்ததில்லை. தண்ணீர்த் தொட்டியின் நிழலில் நாற்காலி போட்டு, மடியில் நோட்டு வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். நான் தலை தூக்கினால் நோட்டை மூடுகிறார். தெருமுனை டீக்கடையில் இரண்டு பேர். நான் கடந்து போகும்போது பேச்சை நிறுத்திவிடுகிறார்கள். பிறகு ஓர் ஆட்டோ. பின்கண்ணாடியில் பச்சை நிறப் பிறை ஒட்டியிருக்கிறது. சவாரி கேட்டால் வருவதில்லை. ஆனால் ஸ்டேஷனிலிருந்து என் தெரு வரை எனக்குப் பின்னாலேயே காலியாக வருகிறது.

ஒரு முறை பார்த்ததை வைத்து முடிவுக்கு வரக் கூடாது என்று ஒரு சோதனை செய்தேன். பாரிமுனையில் நான் இப்போது வேலை பார்க்கும் தண்ணீர்ப் பரிசோதனைக் கூடத்திலிருந்து ஒரு நாள் சீக்கிரம் கிளம்பினேன். ஒரு நாள் தாமதமாக. ஒரு நாள் ரயிலை விட்டுவிட்டுப் பேருந்தில் வந்து தேரடியில் இறங்கினேன். மூன்று நாளும் அதே ஆட்டோ. தற்செயல் என்று எழுத என் கை வரவில்லை.

இவர்கள் தவிர, ஹெல்மெட் போட்ட ஒருவர் இரண்டு முறை வந்து கீழ்வீட்டு சௌமியாவிடம் என்னைப் பற்றி விசாரித்திருக்கிறார். இரண்டு முறையும் நான் வேலைக்குப் போயிருந்தேன்.

எனக்கு முன்னால் சாட்சி சொல்ல ஒப்புக்கொண்ட ஃபிட்டர் சுப்பராயன் போன வருடம் திடீரென்று குடும்பத்தோடு ஊரைவிட்டுப் போனார். அவரிடம் யார் என்ன சொன்னார்கள் என்று இன்றுவரை தெரியாது. அதனால்தான் கேட்கிறேன். உன் வீட்டுப் பக்கம் யாராவது வந்தார்களா? இதை மட்டும் எழுது. வேறெதுவும் எழுத வேண்டும் என்று நான் எதிர்பார்க்கவில்லை.

ஐரீன்


ராயபுரம்
6 ஜூன் 2025

ஐரீன் மேடம் அவர்களுக்கு,

உங்கள் கடிதம் வந்தது. நீங்கள் ரயிலில் ஐந்தாவது நிறுத்தம். அந்தத் தூரத்துக்குத் தபால் நான்கு நாள் எடுத்துக்கொண்டது.

உறை மேல் இருந்த எழுத்தைப் பார்த்ததுமே யாருடையது என்று தெரிந்துவிட்டது. பி.எஸ்சி. மூன்று வருடமும் அந்தக் கையெழுத்தைப் பார்த்துத்தானே நான் ரெக்கார்டு எழுதினேன். கம்பெனி கோர்ட்டில் கொடுத்த தாளிலும் அதே கையெழுத்துதான். ‘வால்வு நல்ல நிலையில் உள்ளது.’ கீழே ஷிப்ட் கெமிஸ்ட் என்று உங்கள் பெயர்.

அந்த நல்ல நிலையில் உள்ள வால்வுதான் பிய்த்துக்கொண்டு என் வீட்டுக்காரர் மூஞ்சியில் அமிலப் புகையை அடித்தது. குடித்துவிட்டு வந்து வால்வைத் தப்பாகத் திறந்தார் என்று எழுதி வேலையைவிட்டு அனுப்பினார்கள். பீடிகூடத் தொடாத மனுஷர். நீங்கள் சாத்துக்குடி வாங்கிக்கொண்டு மருத்துவமனைக்கு வந்தீர்கள். கட்டிலுக்குப் பக்கத்தில் கால்மணி நேரம் நின்றீர்கள். ஒரு வார்த்தை சொல்லவில்லை. இனி உங்களோடு பேச மாட்டேன் என்று அன்று நான் சொன்னேன். எழுத மாட்டேன் என்று சொல்லவில்லை. அதனால் எழுதுகிறேன்.

வேலை திரும்ப வேண்டும் என்று அவர் வழக்கு நடத்தவில்லை. நான்கு படி ஏறினால் ஐந்தாவது படியில் உட்கார்ந்துவிடுகிறவருக்கு என்ன வேலை? “நான் குட்சிட்டு வேல செய்யல. அத்த அங்க இருந்த ஒரு ஆபீசரு கோர்ட்ல சொல்லணும். என் காதால கேக்கணும். அவ்ளோதான்” என்கிறார். ஆறு வருடமாக இதே பாட்டு.

உங்கள் கடிதத்தை அவருக்குப் படித்துக் காட்டினேன். “பாவம், பயந்துகினு கீறாங்க. நான் நல்லா கீறேன்னு எய்து” என்றார். எழுதிவிட்டேன்.

எங்கள் வீட்டுப் பக்கம் யாரும் வரவில்லை. வட சென்னையில் யார் யாரைப் பார்க்காமல் இருக்கிறார்கள்? நான் ஒரு கிலோ வெங்காயம் வாங்கினால் சாயங்காலம் தெருவே என்ன விசேஷம் என்று கேட்கிறது. பார்க்கிறவர்கள் எல்லோரும் கெடுதல்தான் நினைப்பார்கள் என்று ஏன் முடிவு செய்கிறீர்கள்? இதற்கு மேல் இதைப் பற்றி நான் எழுதுவதாக இல்லை.

அந்த ஹெல்மெட்காரர் மட்டும் திரும்ப வந்தால், எத்தனை மணிக்கு வந்தார், என்ன செய்தார் என்று பார்த்து எழுதுங்கள். மறக்க வேண்டாம்.

நாளை பக்ரீத். மகள் ரூஹி பிரசவத்துக்கு வந்திருக்கிறாள், ஒன்பதாவது மாதம். வேலை தலைக்கு மேல் இருக்கிறது.

ஷரீஃபுன்னிசா


திருவொற்றியூர்
9 ஜூன் 2025 தொடங்கி, 11 அன்று முடித்தது

ஷரீஃபா,

நீ எழுதியதெல்லாம் சரி. மறுப்பதற்கு என்னிடம் ஒன்றுமில்லை. ஆனால் பார்க்கிறவர்கள் கெடுதல் நினைக்கவில்லை என்று மட்டும் சொல்லாதே. நேற்றுக் காலை நான் பார்த்ததைக் கேள்.

ஞாயிறு பூசை முடிந்து வந்தவள், துணிந்து எதிர்வீட்டு மாடிக்கு ஏறினேன். கிழவர் என்னைப் பார்த்ததும் எழுந்துவிட்டார்.

“இன்னாமா, எதுனா வேணுமா?”

“என்ன அங்கிள் தினமும் எழுதுறீங்க?”

“கப்பல் எண்றேம்மா. வெளிய நங்கூரம் போட்டுக்கினு நிக்குது பாரு, அதுங்கள.”

“கடல் அந்தப் பக்கம் இருக்கு. நீங்க உக்காந்திருக்கிறது என் ஜன்னலப் பாத்து.”

யாரோ கடலை நகர்த்தி வைத்துவிட்டதுபோல் அவர் திரும்பிப் பார்த்தார். “வெயிலு மூஞ்சில அடிக்குதும்மா. அதான் இப்டிக்கா திரும்பிக்கினேன்” என்றவர், டீ கொண்டுவரச் சொல்கிறேன் என்று வேகமாகக் கீழே இறங்கினார். அந்த அவசரத்தில் நோட்டை நாற்காலியிலேயே விட்டுவிட்டார். நான் எடுத்துப் படித்தேன். வெட்கமாகத்தான் இருக்கிறது.

ஒவ்வொரு நாளும் ஒரு பக்கம். அழகான எழுத்து. ‘26 மே. 8.10 இறங்கியது. குடை, பச்சைப் பை. 6.35 ஏறியது. பச்சைப் பை, தக்காளி. சேதமில்லை.’ பக்கத்தில், என் படியேறியவர்களுக்கு நான்கு நெட்டைக் கோடுகள், அவற்றின் குறுக்கே ஐந்தாவது கோடு. அடுத்த நாள்: ‘8.12 இறங்கியது. குடை இல்லை. 7.05 ஏறியது. நனைந்துள்ளது. சேதமில்லை.’ நான்தான் அது. எல்லாப் பக்கமும் அந்த ஒரே சொல்லில் முடிகிறது.

தினமும் ‘சேதமில்லை’ என்று எழுதுகிற ஒருவர், வேறு விதமாக எழுதப்போகும் ஒரு நாளுக்காகத்தானே காத்திருக்கிறார்? டீ வரும் வரை நான் இருக்கவில்லை.

நீ கேட்ட விவரம். இன்றைக்கு 11ஆம் தேதி. நேற்று விடுப்பு எடுத்து வீட்டில் இருந்தேன். ஹெல்மெட்காரர் பதினொரு மணிக்கு வந்தார். கதவிலிருக்கும் துளை வழியாகப் பார்த்தேன். கருப்பு ஹெல்மெட், கழற்றவில்லை. கையில் ரெக்சின் பை. கதவு எண்ணை விரலால் தொட்டுப் பார்த்துவிட்டு இரண்டு முறை தட்டினார். நான் திறக்கவில்லை. கீழே போய் சிவப்பு மொபெட்டை எடுத்தார். சௌமியா கணக்கில் இது நான்காவது முறை.

இனி என்னால் முடியாது. தஞ்சாவூரில் சித்தி மகள் வீட்டுக்குப் போகிறேன். 15ஆம் தேதிக்கு டிக்கெட் எடுத்துவிட்டேன். சாட்சி சொல்ல வர மாட்டேன்.

அதற்கு முன் ஒன்றை உன்னிடம் சொல்லிவிட வேண்டும். அந்த வால்வு கசிகிறது, கேஸ்கட் மாற்ற வேண்டும் என்று விபத்துக்கு மூன்று நாள் முன்பே ஷிப்ட் நோட்டில் எழுதியவள் நான்தான். விபத்து நடந்த அன்று மாலை மேனேஜர் அந்தத் தாளை நோட்டிலிருந்து கிழித்து என் முன்னால் போட்டார். புதுத் தாளில் வேறு மாதிரி எழுதச் சொன்னார். அம்மாவுக்கு அப்போது டயாலிசிஸ் நடந்துகொண்டிருந்தது. கம்பெனிக் காப்பீடு இல்லாவிட்டால் ஒரு மாதம்கூடத் தாங்காது. இதைக் காரணமாகச் சொல்கிறேன், நியாயமாகச் சொல்லவில்லை. எழுதினேன். கிழிந்த தாளைச் சாப்பாட்டுப் பையில் வைத்து வீட்டுக்குக் கொண்டுவந்தேன். அம்மா போன பிறகும் மூன்று வருடம் அதை வைத்துக்கொண்டு சும்மா இருந்தேன். அதற்குத்தான் என்னிடம் காரணமே இல்லை.

அந்தத் தாளை வக்கீலுக்குப் பதிவுத் தபாலில் அனுப்புகிறேன். எழுதியவள் கூண்டில் நின்று சொல்லாவிட்டால் அது வெறும் தாள் என்று எனக்குத் தெரியும். ரஹீம் பாயிடம் சொல்.

ஐரீன்


ராயபுரம்
12 ஜூன் 2025, வியாழன்

ஐரீன்,

உன் கடிதம் இந்த முறை ஒரே நாளில், இன்று மதியமே வந்துவிட்டது. இதைத் தபாலில் போட்டால் நீ தஞ்சாவூர் போய்ச் சேர்ந்துவிடுவாய். கையில் கொடுத்து அனுப்புகிறேன். கொண்டுவந்து கொடுப்பவன் என் அண்ணன் மகன் ஷாரிக். பின்கண்ணாடியில் பச்சைப் பிறை ஒட்டிய ஆட்டோவின் சொந்தக்காரன் அவன்தான். அவனைப் பார்த்துக் கதவைச் சாத்திக்கொள்ளாதே.

ஆமாம். அவர்கள் எல்லோரும் நம் ஆட்கள்.

நீ சாட்சி சொல்ல ஒப்புக்கொண்டாய் என்று தேவப்பிரியம் சொன்ன அன்றைக்கு இவர் தூங்கவில்லை. சுப்பராயன் விஷயம் தெரியுமே. “அந்தம்மா ஒண்டியா கீறாங்க. சுப்பராயனுக்கு ஆன மாதிரி அவங்களுக்கு ஆவக்கூடாது” என்று மறுநாளே ஆள் தேடத் தொடங்கினார். டீக்கடையில் நிற்கிற இரண்டு பேரும் இவரோடு லோடு ஏற்றினவர்கள். நீ போகும்போது அவர்கள் பேச்சை நிறுத்துவது மரியாதைக்கு. அவர்கள் பேசுகிற பேச்சு பெண்கள் காதில் விழக் கூடாதது.

மாடியில் இருப்பவர் ஜேக்கப் அங்கிள். துறைமுகத்தில் முப்பத்தாறு வருடம் டாலி கிளார்க். கப்பலிலிருந்து இறங்கும் மூட்டையையும் பெட்டியையும் கோடு போட்டு எண்ணி, உடைந்திருக்கிறதா, நனைந்திருக்கிறதா என்று பார்த்து எழுதுகிற வேலை. எதிர்வீடு அவர் மகளுடையது. எங்களுக்காகத்தான் அங்கே போய்த் தங்கியிருக்கிறார். கொஞ்சம் கண் வைத்துக்கொள்ளுங்கள் என்றுதான் அவரிடம் சொன்னோம். உன்னைச் சரக்காக நினைத்து எழுதிக்கொண்டிருக்கிறார் என்று நீ எழுதித்தான் எனக்குத் தெரியும். நீ முழுதாக வீடு வந்து சேர்ந்தாய் என்றுதான் தினமும் அப்படி முடித்திருக்கிறார். படித்துக் காட்டினேன். இவர் சிரித்துச் சிரித்து மூச்சு முட்டி, முதுகைத் தடவிவிட வேண்டியதாகிவிட்டது.

உன்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்பாய். போன கடிதத்திலேயே சொல்ல வாயெடுத்தேன். எனக்கு உன்னைப் பத்திரமாக வைக்கவும் வேண்டும், உன் முகத்தில் விழிக்காமல் இருக்கவும் வேண்டும். இரண்டையும் சேர்த்துச் செய்ய இந்த வழிதான் தெரிந்தது. அது உன்னைப் பயமுறுத்தி ஊரைவிட்டே கிளப்பும் என்று நினைக்கவில்லை. கம்பெனி செய்ய நினைத்ததை நாங்களே செய்து முடித்திருப்போம்.

தாளைப் பற்றி நீ எழுதியதை மூன்று முறை படித்தேன்.  உன் அம்மாவுக்கு டயாலிசிஸ் நடந்தது அந்த நேரம்தான் என்பதை நான் கணக்கில் வைத்துக்கொள்ளவே இல்லை. அதை மட்டும் எழுதி வைக்கிறேன்.

ஹெல்மெட்காரன் நம் ஆள் இல்லை. அவன்தான் ஆபத்து. ஷாரிக் அவனை மூன்று முறை மடக்கிவிட்டான். முதல் தடவை, அப்படி யாருமே இந்தத் தெருவில் இல்லை என்றானாம். இரண்டாம் தடவை, அம்பத்தூருக்குக் குடி போய்விட்டாய் என்று சொன்னானாம். மூன்றாவது முறை டயரில் காற்றைப் பிடுங்கிவிட்டான். கதவைத் திறக்காதே.

தஞ்சாவூருக்குப் போகாதே.

ஷரீஃபா


திருவொற்றியூர்
14 ஜூன் 2025, சனி

ஷரீஃபா,

உன் கடிதத்தைப் படித்துவிட்டுச் சமையலறையில் அரைமணி நேரம் நின்றேன். அடுப்பைப் பற்றவைக்கவில்லை. முதலில் கோபம்தான் வந்தது. மூன்று வாரம் மரணபயத்தில் இருந்தேன். நீ ஒரு வரி எழுதியிருந்தால் போதும். பிறகு மொட்டை மாடி வெயிலை நினைத்தேன். ஜேக்கப் அங்கிளுக்கு எழுபத்து நான்கு வயது. இந்த ஊர் மே மாதம். நான் தக்காளி வாங்கிவந்தேனா என்று பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். நன்றி என்று எழுதிப் பார்த்தேன். போதவில்லை. இருந்தாலும் அதுதான் சொல். நன்றி. டிக்கெட்டை ரத்து செய்துவிட்டேன்.

இப்போது அவசரமான விஷயம். ஹெல்மெட்காரர் யார் என்று நினைக்கிறாய்?

பயம் கொஞ்சம் இறங்கியதும்தான் யோசிக்க முடிந்தது. அடியாள் ஏன் எப்போதும் பகல் பதினொரு மணிக்கு வருகிறான்? சௌமியாவைக் கூப்பிட்டு, அவர் என்ன கேட்டார் என்று வரி வரியாகச் சொல்லச் சொன்னேன். “உங்க அப்பா பேரெல்லாம் சொல்லிக் கேட்டாரு ஆன்ட்டி. ஐரீன், தகப்பனார் பேரு லூர்துசாமின்னு. ஏதோ கையெழுத்து வாங்கணுமாம். எனக்கு எதுக்கு வம்புன்னு தெரியாதுன்னுட்டேன்” என்றாள். என் அப்பா பெயர் எந்த அடியாளுக்குத் தேவை? கோர்ட்டுக் காகிதத்தில்தான் அது இருக்கும்.

அவர் அமீனா, ஷரீஃபா. கோர்ட்டு அமீனா. சம்மன் கொண்டுவந்தவர். பதிவுத் தபாலில் வரும் என்று நான் தபால்காரரை எதிர்பார்த்துக்கொண்டிருந்தேன்.

சௌமியாவின் போனிலிருந்து தேவப்பிரியத்தைக் கூப்பிட்டேன். அவர் கேஸ் கட்டைப் புரட்டும் சத்தம் கேட்டது. பிறகு, “சம்மன் வேணும்னு கேட்டதே நீங்கதாம்மா” என்றார். உண்மை. சம்மன் இல்லாமல் போனால், வாதியின் மனைவியோடு படித்தவள் தானாக ஓடி வந்திருக்கிறாள் என்று ஒரே கேள்வியில் என்னை முடித்துவிடுவார்கள் என்று நான்தான் பிடிவாதம் பிடித்தேன். விலாசத்தில் ஆள் இல்லை என்று எழுதி அமீனா அதைத் திருப்பிக் கொடுத்துவிட்டால், 23ஆம் தேதி என் பெயரைக் கூப்பிடவே மாட்டார்களாம். அதாவது நான் கதவைத் திறக்காமலும், உன் ஆட்கள் ஆளே இல்லை என்று சொல்லியும், எல்லோரும் சேர்ந்து ரஹீம் பாயின் வழக்கைத் தோற்கடிக்க இருந்தோம்.

நேற்று முழுவதும் கதவைத் திறந்துவைத்துக் காத்திருந்தேன். வரவில்லை. மாலையில் ஜேக்கப் அங்கிளிடம் போய் நோட்டைக் கேட்டேன். வெட்கப்பட்டுக்கொண்டே கொடுத்தார். 27 மே, 30 மே, 3 ஜூன், 10 ஜூன். மூன்று செவ்வாய், ஒரு வெள்ளி. எல்லாம் பதினொன்றிலிருந்து பதினொன்றேகாலுக்குள். வரும் செவ்வாய் 17. அன்றும் அவர் ஏமாந்து திரும்பினால் அதோடு முடிந்தது. உன் ஆட்களிடம் சொல். அவரை விரட்ட வேண்டாம். தயவுசெய்து காற்றைப் பிடுங்க வேண்டாம்.

இதை ஷாரிக் கையில் கொடுக்கிறேன். இனி என் பின்னால் காலியாக வர வேண்டாம், என்னை ஏற்றிக்கொண்டே வரட்டும் என்றேன். “சரி ஆன்ட்டி, மீட்டரு போட மாட்டேன்” என்றான்.

ஐரீன்


ராயபுரம்
18 ஜூன் 2025

ஐரீன்,

நேற்று நடந்ததை ஷாரிக் வந்து நடித்தே காட்டிவிட்டான். நீ மாடியில் இருந்தாய், உனக்குப் பாதிதான் தெரியும் என்பதால் கீழே நடந்ததை எழுதுகிறேன்.

அமீனா தெருவுக்குள் நுழைந்ததும் இவன் ஆட்டோவைக் குறுக்கே போட்டிருக்கிறான். டீக்கடை ஆட்கள் இரண்டு பேரும் பின்பக்கம் வந்து நின்றுவிட்டார்கள். நீ விரட்டாதே என்று எழுதினாய். அதை இவர்கள் தப்பிக்க விடாதே என்று எடுத்துக்கொண்டிருக்கிறார்கள்.

“சார், டீ சாப்டு சார்.”

“வழிய விடுப்பா. நீதானே ஆளே இல்லன்னு சொன்னவன்?”

“அது அப்போ சார். இப்ப கீறாங்க.”

“அம்பத்தூர் போயிட்டாங்கன்னியே?”

“வந்துட்டாங்க சார். அங்க தண்ணி சரியில்லையாம்.”

அவர் ஹெல்மெட்டைக் கழற்றாததற்குக் காரணம் உண்டாம். எந்தத் தெருவில் யார் எதால் அடிப்பார்கள் என்று தெரியாது, இருபது வருடப் பழக்கம் என்றாராம். “நான் ஏழாவது தெருவுக்கு வேற கேஸுக்கு வந்தேன். இந்தம்மா பேப்பர்ல ஆள் இல்லன்னு எழுதிட்டேன், சாயங்காலம் ஆபீஸ்ல குடுக்கணும், விடுங்கப்பா” என்று கெஞ்சியிருக்கிறார்.

அப்போதுதான் ஜேக்கப் அங்கிள் நோட்டோடு இறங்கி வந்தாராம். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, தேதி, நேரம், வண்டி எண், படியேறினது எப்போது, இறங்கினது எப்போது என்று நான்கு நாளையும் நிறுத்தி நிறுத்திப் படித்திருக்கிறார். “மூணாவது தபா நீங்க எறங்கி வர்றப்ப டயர்ல காத்து இல்ல. அதையும் எய்திக்கீறேன். நாலாவது தபா சரக்கு மேலதான் இருந்துது. டெலிவரி எடுக்கலன்னு நீங்க எப்டி எய்தலாம்?” என்றாராம்.

அமீனா நோட்டை வாங்கிப் புரட்டிப் பார்த்துவிட்டு, “எங்க ஆபீஸ்லகூட இவ்ளோ சுத்தமா எழுத மாட்டாங்க பெரியவரே” என்று சொல்லி, அங்கேயே வண்டி சீட்டின்மேல் வைத்து, எழுதினதை அடித்துவிட்டுப் படியேறினாராம். நீ கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டு, அவரை உட்காரவைத்து மோர் கொடுத்தாய் என்று கேள்விப்பட்டேன். கைகூப்பி மன்னிப்புக் கேட்டாயாம். என்னிடம் இன்னும் கேட்கவில்லை. பரவாயில்லை, எழுதிய கடிதத்தில் அது இருந்தது.

திங்கட்கிழமை நான் கோர்ட்டுக்கு வர முடியாது. ரூஹியை அன்றைக்கு அட்மிட் பண்ணச் சொல்லியிருக்கிறார்கள். இவர் ஷாரிக்கோடு வருவார். திரும்பி வந்து இவர் சொன்னால் நீதிபதியே எழுந்து நின்று கைதட்டியதாகத்தான் சொல்வார். நீ எழுது. நடந்ததை நடந்த மாதிரி, கூட்டாமல் குறைக்காமல். இந்த முறை.

ஷரீஃபா


திருவொற்றியூர்
22 ஜூன் 2025, ஞாயிறு

ஷரீஃபா,

நாளைக்கு உடுத்த வேண்டிய புடவையை இஸ்திரி போட்டு வைத்தாகிவிட்டது. தேவப்பிரியம் என்னென்ன கேட்பார்கள் என்று சொல்லித் தந்திருக்கிறார். பயம் இல்லை என்று எழுத மாட்டேன். கம்பெனி ஆட்கள் யாரும் என்னை ஒருபோதும் பார்க்கவில்லை என்றும் எனக்கு நிச்சயமில்லை; பார்த்துவிட்டு, டீக்கடையில் நிற்பவர்களைப் பார்த்துத் திரும்பிப் போயிருக்கலாம். அதை நிரூபிக்க வழியில்லை.

நான் யாரையும் எளிதில் நம்புகிறவள் அல்ல என்று கல்லூரியிலிருந்தே உனக்குத் தெரியும். தனியாக இருக்கப் பழகிவிட்டேன். யார் கணக்கிலும் இல்லாமல் இருப்பதைச் சுதந்திரம் என்று நினைத்திருந்தேன். நான் பொய் எழுதிக் கெடுத்த குடும்பம், என் உயிருக்கு ஆள் போட்டுக் காவல் வைத்திருக்கிறது. ரஹீம் பாய் ஒரு நாள்கூட என்னைக் குறைத்துப் பேசவில்லை என்று ஷாரிக் சொன்னான்.  நாளைக்குச் செய்ய வேண்டியது ஒன்று இருக்கிறது. அதை முதலில் செய்கிறேன்.

மீதியை நாளை எழுதி இதோடு சேர்த்து அனுப்புகிறேன். ரூஹிக்காக வேண்டிக்கொள்கிறேன்.

23 ஜூன், திங்கள். மாலை.

நீ கேட்டபடி எழுதுகிறேன்.

ஷாரிக் எட்டு மணிக்கு வந்தான். ரஹீம் பாய் ஆட்டோவில் இருந்தார். வெள்ளைச் சட்டை. ஆறு வருடத்தில் பாதி ஆளாகிவிட்டார். நான் ஏறியதும், “வாங்க மேடம், குந்துங்க” என்று நகர்ந்து இடம் கொடுத்தார். பாரிமுனையில் கோர்ட்டு வாசலில் இறங்கினோம். 

வழக்கைப் பன்னிரண்டு இருபதுக்கு அழைத்தார்கள். மேனேஜர் வந்திருந்தார். என்னைப் பார்த்தார். நானும் பார்த்தேன்.

தேவப்பிரியம் கேட்டதற்கெல்லாம் பதில் சொன்னேன். நான் அவருக்கு அனுப்பியிருந்த கிழிந்த தாளை வாங்கி நீதிபதியிடம் கொடுத்தேன். பிறகு கம்பெனி வக்கீல் எழுந்தார். கோர்ட்டில் இருக்கும் தாள் என் கையெழுத்துதானே என்றார். ஆம் என்றேன். அதில் இருப்பது பொய் என்கிறீர்களா என்றார். ஆம் என்றேன். “அன்றைக்குப் பொய் எழுதியவர் இன்றைக்கு உண்மை சொல்கிறார் என்று இந்த நீதிமன்றம் ஏன் நம்ப வேண்டும்?” என்றார். என்னை நம்ப வேண்டியதில்லை, இரண்டு தாளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள், நோட்டில் கிழிந்த விளிம்போடு எது பொருந்துகிறது என்று பாருங்கள் என்றேன். நீதிபதி அந்த நோட்டைக் கொண்டுவரச் சொல்லி உத்தரவு போட்டார். அடுத்த தேதி ஜூலை 14. அதனால் வழக்கு முடியவில்லை. யாரும் கைதட்டவில்லை.

சாட்சியம் தட்டச்சாகி வந்ததும் எனக்குப் படித்துக் காட்டினார்கள். ஓரிடத்தில், ‘ரஹீம் அன்று குடித்திருந்ததாக எனக்குத் தெரியாது’ என்று இருந்தது. நான் அப்படிச் சொல்லவில்லை, திருத்த வேண்டும் என்றேன். பெஞ்ச் கிளார்க் பேனாவால் அடித்துவிட்டு, நான் சொல்லச் சொல்ல எழுதினார். மூன்று பக்கத்திலும் கையெழுத்துப் போட்டேன்.

பின்வரிசையில் உட்கார்ந்திருந்த ரஹீம் பாய் பெஞ்சைப் பிடித்துக்கொண்டு எழுந்து நின்றார். நீதிபதி என்ன என்று கேட்டார். மூச்சு வாங்கியதால் அவரால் உடனே பேச முடியவில்லை. நீதிபதி காத்திருந்தார்.

“ஐயா, இப்ப மாத்தி எய்துனாங்களே, அந்த ஒரு வரிய இன்னொரு தபா படிக்கச் சொல்லுங்கய்யா. எனக்குக் காதுல சரியா வியல.”

நீதிபதி தலையசைத்தார். கிளார்க் எழுந்து நின்று சத்தமாகப் படித்தார். “ரஹீம் அன்று மது அருந்தியிருக்கவில்லை. விபத்துக்கு அரைமணி நேரம் முன்பு அவரோடு நின்று பேசினேன். வால்வு கசிவது கம்பெனிக்கு முன்பே தெரியும்.”

ரஹீம் பாய் உட்கார்ந்தார். அடுத்த வழக்கை அழைத்தார்கள்.